நானூற்றுப் பதினேழாம் எண் மயில்

நாற்பத்தைந்து நாள் இரவல் என்று சொல்லித்தான் மயிலை வாங்கிப் போனார்கள். கண்காட்சி முடிந்ததும் வண்டி வைத்துக் கொண்டுவந்து இறக்கிவிடுவதாகப் பேச்சு. அது நடந்து மூன்று வருஷமும் சில்லறை மாதங்களும் ஆகிவிட்டன.

மயில் என்றால் மர மயில். புக்கிட் பெருவாங் ஓரத்தில் இருக்கிற பாலமுருகன் கோயிலின் வாகனம். ஜனங்கள் வேலை பார்த்த தோட்டத்தை விற்று அங்கே வீடமைப்புப் பகுதி கட்டியபோது சாமியும் மயிலும் ஜனங்களும் ஒரே லோரியில் இந்த ஓரத்துக்கு வந்து சேர்ந்தார்கள். மயில் போன பிறகு பங்குனி உத்திரத்துக்கு முருகன் ஒரு பிக்கப் வண்டியின் பின்னால் ஏறித்தான் உலா வந்தார். இந்த வருஷம் அந்த வண்டிக்காரரும் வண்டியை விற்றுவிட்டு ஜொகூருக்குப் போய்விட்டார். திருவிழாவுக்கு நான்கே நாள். முருகன் இந்தத் தடவை நடந்துதான் போகவேண்டும் போலிருக்கிறது என்று ஜனங்கள் பேச ஆரம்பித்தார்கள். அப்படிப் பேசியவர்கள் எல்லாரும் கோயில் செயலாளர் கணேஸ்வரனைப் பார்த்தபடியே பேசினார்கள்.

கணேஸ்வரன் பத்து பெரண்டாமில் ஒரு தொழிற்சாலையில் சாமான் தூக்கும் போர்க்லிப்ட் வண்டி ஓட்டுகிறவர். வயது ஐம்பத்தாறு. செயலாளரைத் தேர்ந்தெடுத்த கூட்டத்துக்கு அவர் போகவில்லை. அதனால்தான் செயலாளர் ஆனார். மயிலை வாங்கிப் போன தெய்வீகக் கலைக் காட்சியகத்துக்கு, அதைத் திருப்பிக் கேட்டுப் பதினொரு கடிதம் எழுதியிருந்தார். பதினொன்றுக்கும் ஒரே பதில்தான் வந்தது. தாங்கள் குறிப்பிடும் கலைப்பொருளைக் காண விரும்பினால் எங்களுடைய புகழ்பெற்ற சிறு குழுச் சுற்றுலாவில் கலந்துகொள்ளலாம். தமிழில் விளக்கம் செவ்வாய்க்கிழமை பிற்பகல் மட்டும்.

"போய்த்தான் பாப்போமே லா," என்றாள் அவர் மனைவி மலர்க்கொடி. "நேர்ல போய் நின்னு கேட்டா குடுக்காமயா போயிருவாங்க?"

செவ்வாய்க்கிழமை காலையில் இரவு வேலை முடிந்து வந்த கணேஸ்வரன் படுக்கவே இல்லை. குளித்து, வேட்டி ஜிப்பா போட்டு, நெற்றி நிறையத் திருநீறு பூசிக்கொண்டு புறப்பட்டார். சாமி விஷயமாகப் போகிறவர் சட்டை பேண்டில் போனால் நன்றாயிருக்காது என்று மலர்க்கொடிதான் சொன்னாள்.

காட்சியகம் பட்டணத்தில் ஒரு பழைய பங்களா. 'ஒரே கூரையின்கீழ் மூன்று புகழ்பெற்ற சமயக் கலை அருங்காட்சியகங்கள்' என்று வாசல் பலகை சொன்னது. முன்கூடம் ஓர் அருங்காட்சியகம். சாப்பாட்டறை இன்னொன்று. படுக்கையறை மூன்றாவது. யார் புகழ்ந்தார்கள் என்ற விவரம் பலகையில் இல்லை.

வழிகாட்டிப் பெண் ஷாமினி கையில் சின்னக் கொடியும் காதில் மைக்குமாக நின்றுகொண்டிருந்தாள். ஆறு பேருக்கு மேல் ஒருவரையும் சேர்க்கமாட்டார்களாம். ஆறுக்குக் குறைந்தாலும் சுற்றுலா கிடையாதாம்.

"அஞ்சு பேர்னா அது குடும்பம், அங்கிள். ஏழு பேர்னா அது கூட்டம். கூட்டத்துக்குப் போலீஸ் பெர்மிட் வேணும். ஆறு பேர்தான் சிறு குழு," என்று அவள் மைக்கில் சொன்னாள். இரண்டடி தள்ளித்தான் நின்றாள்.

கணேஸ்வரனையும் மலர்க்கொடியையும் சேர்த்து ஆறு பேர் தேறினார்கள். சிரம்பானிலிருந்து வந்திருந்த ஒரு புதுமணத் தம்பதி. வேலையிலிருந்து ஓய்வு பெற்ற அனுசியா டீச்சர், கையில் நோட்டுப் புத்தகத்தோடு. ஆறாவது ஆள் மஸ்ஜித் தானாவில் பித்தளைப் பாத்திரக் கடை வைத்திருக்கும் மஜீது நானா. மகள் ஹஃபீஸா பிறந்தநாள் பரிசாக டிக்கெட் வாங்கிக் கொடுத்துவிட்டதால் வேறு வழியில்லாமல் வந்திருந்தார்.

முதலில் பயிற்சி. "இங்க இருக்கிறது எல்லாம் கலை. கலையைப் பார்த்து யாரும் கும்பிடக்கூடாது," என்றாள் ஷாமினி. "போன மாசம் ஒரு அங்கிள் கற்பூரம் ஏத்திட்டாரு. மேல இருந்து தண்ணி கொட்டி மூணு மியூசியமும் நனைஞ்சுபோச்சு." அதனால் ஒவ்வொருவர் கைக்கும் இரண்டு ஸ்பாஞ்சுப் பந்துகள் கொடுத்தார்கள், இடது கைக்கு ஒன்று, வலது கைக்கு ஒன்று. பந்தைப் பிடித்திருக்கிற கை கூப்பாது என்பது நிர்வாகத்தின் ஆராய்ச்சி முடிவு.

"நான் இங்க எதையும் கும்பிடப் போறதில்லையேம்மா," என்றார் மஜீது நானா.

"ரூல் எல்லாருக்கும் ஒண்ணுதான் நானா."

அவரும் இரண்டு பந்தை வாங்கிக்கொண்டார்.

அடுத்தது ரசிக்கும் முறை. பொருளுக்கு முன்னால் மூன்று விநாடி நிற்கவேண்டும். தலையை லேசாகச் சாய்க்கவேண்டும். பிறகு 'ம்' என்று சொல்லவேண்டும். 'முருகா', 'அம்மா', 'அல்லா' முதலியவை அனுமதிக்கப்பட்ட ஒலிகள் அல்ல. மூன்று தடவை ஒத்திகை பார்த்தார்கள். புதுமணத் தம்பதி ஒருவர் பக்கம் ஒருவர் சாய்ந்து மண்டையை இடித்துக்கொண்டதால் அவர்களுக்கு மட்டும் நான்காவது தடவை வைத்தார்கள்.

கணேஸ்வரனுக்குத் தூக்கம் கண்ணைச் சுழற்றியது. ஆனால் மயில் மூன்றாவது அருங்காட்சியகத்தில் இருந்தது. முதல் இரண்டையும் ரசிக்காமல் மூன்றாவதுக்குப் போகமுடியாது. முன்கூடத்தில் இருபத்திரண்டு பொருள்களுக்கு இருபத்திரண்டு 'ம்' சொன்னார்.

"இப்போது நாம் அடுத்த அருங்காட்சியகத்துக்குப் பயணப்படுகிறோம்," என்று ஷாமினி கொடியை உயர்த்தினாள். "பயணத் தூரம் ஏழடி. டாய்லெட் போறவங்க இப்பவே போயிட்டு வந்துரலாம்."

சாப்பாட்டறையின் நடுவில், கண்ணாடிப் பெட்டிக்குள், விளக்கு வெளிச்சத்தில் ஒரு பித்தளைப் பாத்திரம் இருந்தது. ஒடுங்கிய கழுத்து, அகன்ற வாய்.

"புனித தீர்த்தக் கலசம்," என்று ஷாமினி அட்டையைப் பார்த்து வாசித்தாள். "கடல் கடந்து வந்த துறவிகள் இதில் ஏழு நதிகளின் நீரைச் சேமித்ததாக நம்பப்படுகிறது."

மஜீது நானா கண்ணாடிக்கு அருகே போய்க் குனிந்து பார்த்தார். "இது எங்க அத்தா வெத்தலை எச்சி துப்புன படிக்கம்மா," என்றார். "அடியில பாரு, கடைப் பேரு அடிச்சிருக்கும். பழைய சாமான்காரன்கிட்ட நான்தான் போட்டேன்."

"அது பேரில்லை நானா. மறைமொழி. அறிஞர்கள் இன்னும் படிச்சுக்கிட்டிருக்காங்க."

"படிக்க என்னம்மா இருக்கு. 'மஜீது அண்ட் சன்ஸ்'னு போட்டிருக்கும்."

"கேள்வியெல்லாம் கடைசியில நானா."

மற்ற ஐந்து பேரும் படிக்கத்தைப் பார்த்துத் தலையைச் சாய்த்து 'ம்' என்றார்கள். அனுசியா டீச்சர் ஏழு நதிகள் என்று எழுதிக்கொண்டு, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டார்.

படுக்கையறைக்குள் நுழைந்ததும் கணேஸ்வரனின் தூக்கம் கலைந்தது. மயில் சுவரோரம் ஒரு மேடைமேல் நின்றது. கழுத்தில் ஒரு நூல். நூலில் 417 என்ற அட்டை. மலர்க்கொடியின் கைகள் தாமாக எழும்பின. இரண்டு ஸ்பாஞ்சுப் பந்தும் மோதி நசுங்கின. ஷாமினி தொண்டையைக் கனைத்தாள்.

"இந்த மயிலின் கண்ணில் இருக்கும் மஞ்சள் நிறம் பதினேழாம் நூற்றாண்டைச் சேர்ந்தது. இதன் கலவை இன்றுவரை விஞ்ஞானத்துக்குப் பிடிபடாத ரகசியம்."

"தங்கச்சி, அது போர்க்லிப்டுக்கு அடிக்கிற பெயிண்ட்," என்றார் கணேஸ்வரன். "நான்தான் அடிச்சேன். பத்துப் பன்னெண்டு வருஷம் இருக்கும். பேக்டரியில மிச்சம் இருந்துச்சு."

ஷாமினி அட்டையைப் பார்த்தாள், மயிலைப் பார்த்தாள், பிறகு மைக்கை அணைத்தாள். "அங்கிள், நான் பயிற்சிக் காலத்துல இருக்கேன். டைரக்டர் வர்ற நேரம். ப்ளீஸ் லா."

டைரக்டர் டாக்டர் புவனேந்திரன் வந்தேவிட்டார். கோட்டும் கழுத்தில் பட்டுத் துண்டுமாக இருந்தார். கணேஸ்வரன் பதினொரு கடிதங்களின் நகலை நீட்டி, வெள்ளிக்கிழமை திருவிழா, முருகனுக்கு வாகனம் வேண்டும், இரவல் கெடு முடிந்து மூன்று வருஷமாகிறது என்று பணிவாகச் சொன்னார்.

டைரக்டர் கடிதங்களை வாங்கவில்லை. அவர் பேசுவதற்குத் தயாரானார்.

"நண்பரே, இந்தப் பொருளை நீங்கள் கேட்பது எதற்காக? தோளில் தூக்குவதற்காக. வெயிலில் கொண்டுபோவதற்காக. இதன்மேல் பால் சிந்தும், சந்தனம் ஒட்டும், குழந்தைகள் தொடும். அதாவது இதைப் பயன்படுத்துவீர்கள். பயன்படுத்தினால் ஒரு பொருள் என்னவாகும்? தேயும். உங்கள் கோயிலில் இதை எத்தனை பேர் பார்த்தார்கள்? ஆயிரம் பேர். ஆயிரம் பேரின் பார்வையும் மூச்சும் பட்டால் மரம் தாங்குமா? நாங்கள் அதை ஆறு பேராகக் குறைத்திருக்கிறோம். விரைவில் நான்காகக் குறைப்போம். ஒருவரும் பார்க்காத நிலையை எட்டுவதே எங்கள் பத்தாண்டுத் திட்டம். சுருக்கமாகச் சொன்னால், கடவுளின் பொருள்களைப் பக்தர்களிடமிருந்து காப்பாற்றுவதற்குத்தான் எனக்குச் சம்பளம்."

"சார், ஆனா சாமான் எங்களதுதானே," என்றாள் மலர்க்கொடி.

"தாராளமாகத் திரும்பப் பெறலாம், அம்மா. விண்ணப்பப் பாரம் இருக்கிறது. பொருளின் உரிமையாளர் கையெழுத்துப் போட்டு, அடையாளக் கார்டு நகலும் இணைத்துக் கொடுத்தால் போதும்."

"உரிமையாளர்னா?"

"உங்கள் கோயில் பதிவில் பார்த்தேன். அருள்மிகு பாலமுருகன் என்று இருக்கிறது."

அருள்மிகு பாலமுருகனிடம் அடையாளக் கார்டு இருக்கிறதா என்று கணேஸ்வரன் ஒரு கணம் உண்மையாகவே யோசித்தார். தூக்கமில்லாத மண்டை அப்படித்தான் வேலை செய்தது. டைரக்டர் பிரியமாக மயிலின் கழுத்தில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போனார். மூன்று வருஷத்து நூல் அறுந்து, 417 என்ற அட்டை தரையில் விழுந்தது. அதை ஒருவரும் கவனிக்கவில்லை.

சுற்றுலா முடிந்தது. குழு நினைவுப்பொருள் கடைக்கு நகர்ந்தது. கணேஸ்வரனால் நகரமுடியவில்லை. மூன்று நாளில் ஜனங்கள் முன்னால் என்ன முகத்தோடு நிற்பது? மயிலுக்குப் பக்கத்தில் காவல்காரருக்குப் போட்டிருந்த ஒரு முக்காலியில், இரண்டு நிமிஷம் என்று நினைத்து உட்கார்ந்தார். குளிர்சாதனம் முகத்தில் வீசியது. மடியில் இரண்டு பந்துகளோடு அப்படியே தூங்கிப்போனார்.

இனி நடந்தது அவர் பிற்பாடு மற்றவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டது. செவ்வாய்க்கிழமை மாலை பொருள் சரிபார்ப்பு. பதிவேட்டு எழுத்தர் தர்மேந்திரன் பட்டியலோடு வந்தான். தரையில் 417 கிடந்தது. அட்டையில்லாமல் இருந்தவை இரண்டு: ஒரு மயில், ஒரு மனிதர். பட்டியலில் 'மயில்' என்ற சொல் இருந்த இடத்தில் தேநீர்க் கோப்பையின் வட்டக் கறை. மிச்சம் படிக்க முடிந்தது இவ்வளவுதான்: 'பக்தி சார்ந்தது. தோட்டப்புறம். வயிறு பருத்தது. மேற்பூச்சு வெள்ளை, ஆங்காங்கே உதிர்ந்தது.' தர்மேந்திரன் மயிலைப் பார்த்தான். திருநீறு பூசிய கணேஸ்வரனைப் பார்த்தான். மனசாட்சிப்படி அட்டையைக் கணேஸ்வரன் கழுத்தில் மாட்டினான். மேடையைச் சுற்றியிருந்த சிவப்புக் கயிற்றை அவிழ்த்து முக்காலியைச் சுற்றிக் கட்டினான். மயிலைப் பட்டியலின் கடைசியில், 'பார்வையாளர் மறந்து விட்டுச்சென்ற சாமான்' என்று எழுதிக்கொண்டான்.

கணேஸ்வரன் கண் விழித்தபோது அவருக்கு முன்னால் ஆறு பேர் தலையைச் சாய்த்துக்கொண்டு 'ம்' என்றார்கள்.

கோலாலம்பூரிலிருந்து வந்த முக்கியஸ்தர்களாம். டைரக்டரே விளக்கிக்கொண்டிருந்தார். அவர் கணேஸ்வரனைப் பார்க்கவில்லை. எண்ணைப் பார்த்தார், எண்ணுக்குரிய குறிப்பைக் கையிலிருந்த புத்தகத்திலிருந்து வாசித்தார்.

"நானூற்றுப் பதினேழு. ஒரே தேக்கு மரத்தில் குடைந்தது. தோகையின் வளைவைக் கவனியுங்கள்."

ஆறு பேரும் கணேஸ்வரனின் வேட்டியைக் கவனித்தார்கள்.

"கொண்டை சற்றுத் தேய்ந்திருக்கிறது. உள்ளே முழுவதும் வெற்றிடம். தட்டினால் நல்ல நாதம் வரும்."

கணேஸ்வரன் எழுந்து, ஐயா நான் மனுஷன் என்று சொல்லத்தான் வாயெடுத்தார். அப்போது அந்த ஆறு தலைகளுக்குப் பின்னால், வாசலில் மலர்க்கொடி தெரிந்தாள். அவரைத் தேடி வந்திருக்கிறாள். பக்கத்தில் தர்மேந்திரன் அவளிடம் மெதுவாகக் கேட்பது காதில் விழுந்தது.

"ஆண்ட்டி, அந்த மயில் உங்க சாமானா? அஞ்சு மணிக்குள்ள எடுக்கலேன்னா ரூல் படி தூக்கிப் போட்டுருவோம்."

மலர்க்கொடி மயிலைப் பார்த்தாள். கயிற்றுக்குள் உட்கார்ந்திருந்த புருஷனைப் பார்த்தாள். அவர் கழுத்தில் இருந்த அட்டையைப் பார்த்தாள். முப்பது வருஷம் குடும்பம் நடத்தியவள். அவளுக்கு விளங்க இரண்டு விநாடிதான் பிடித்தது.

"எங்க சாமான்தான் தம்பி. ரொம்ப நாளா இங்கயே கிடக்குது. இப்பவே எடுத்துக்கிறோம்," என்றாள். அதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. பிறகு கணேஸ்வரனைப் பார்த்து, அசையாதீர்கள் என்பதுபோல உள்ளங்கையைக் கீழே அழுத்திக் காட்டினாள்.

கணேஸ்வரன் மரமானார்.

மலர்க்கொடி கூப்பிட்டதும் கடையிலிருந்து மஜீது நானா வந்தார், அனுசியா டீச்சர் வந்தார், புதுமணத் தம்பதி வந்தார்கள். எல்லாரும் கையிலிருந்த பந்துகளைப் பைக்குள் போட்டுக்கொண்டு மயிலுக்கு ஆளுக்கொரு பக்கம் கை கொடுத்தார்கள். தர்மேந்திரன் நல்ல பையன். வாலைப் பிடித்து உதவினான். முக்கியஸ்தர்களின் முதுகுக்குப் பின்னால் மயில் மெல்ல வாசலை நோக்கி நகர்ந்தது. கணேஸ்வரனுக்கு மூக்கு அரித்தது. தோகையின் வேலைப்பாட்டைத் தொட்டுக் காட்டுவதற்காக டைரக்டர் அவருடைய வேட்டி மடிப்பை விரலால் வருடினார். கிச்சுகிச்சு தாங்காமல் உயிர் போனது. அவர் மனசுக்குள் கந்தனைக் கூப்பிட்டபடி இருந்தார். அது வெளியே கேட்காத வரையில் விதிமீறல் இல்லை.

வாசல் குறுகலாக இருந்தது. மயிலின் வால் நிலைக்கதவில் 'டங்' என்று இடித்தது. டைரக்டர் திரும்பிப் பார்க்கப் போனார்.

ஏதாவது செய்தாகவேண்டும். மயில் எப்படி அகவும் என்று கணேஸ்வரனுக்குத் தெரியாது. இருபத்தாறு வருஷமாகப் போர்க்லிப்ட் ஓட்டுகிற அவருக்குத் தெரிந்த எச்சரிக்கை ஒலி ஒன்றுதான். வாயைத் திறக்காமலே, "டீட்... டீட்... டீட்..." என்றார்.

எல்லாரும் அவர் பக்கம் திரும்பினார்கள். டைரக்டர் குறிப்புப் புத்தகத்தைப் புரட்டினார். முக்கியஸ்தர்கள் காத்திருந்தார்கள். அறிஞர் ஒருவர் பதில் தெரியாமல் நிற்கக்கூடாது.

"இது வாகனம் அல்லவா," என்றார் டாக்டர் புவனேந்திரன். "பின்னோக்கி வரும்போது இந்த ஒலியை எழுப்பும். நம் முன்னோர் எவ்வளவு தூரம் சிந்தித்திருக்கிறார்கள் பாருங்கள்."

ஆறு பேரும் தலையைச் சாய்த்தார்கள். அதற்குள் மயில் முன்கூடத்தைக் கடந்து, படியிறங்கி, மஜீது நானாவின் வேனுக்குள் படுத்துவிட்டது. அவர் திரும்பி உள்ளே வந்து சாப்பாட்டறைப் பக்கம் ஒரு பார்வை பார்த்தாராம். படிக்கத்தை எடுக்கவில்லை. துப்பினவர் இன்றைக்கு இருந்து பார்த்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார், இருக்கட்டும் என்று சொல்லிவிட்டாராம்.

ஐந்து மணிக்கு விளக்குகள் அணைந்தன. கணேஸ்வரன் கயிற்றைத் தாண்டி, மரத்துப்போன காலைத் தேய்த்துவிட்டுக்கொண்டு வாசலுக்குப் போனார். அங்கே காவல்காரர் தலையில் கைவைத்து நின்றார். ஷாமினியின் குழு உள்ளே ஆறு, வெளியே ஐந்து. கணக்கு ஒத்துவராமல் அவரால் வீட்டுக்குப் போகமுடியவில்லை. கணேஸ்வரனைக் கண்டதும் அவருக்கு உயிர் வந்தது.

"எங்க போனீங்க அங்கிள்? சீக்கிரம் வாங்க, சீக்கிரம்," என்று அவரே கையைப் பிடித்து வெளியே விட்டார். கழுத்திலிருந்த அட்டையைக் கணேஸ்வரன் கழற்றிக் கொடுத்தார். காவல்காரர் அதைப் பார்வையாளர் அட்டைகளின் பெட்டியில் போட்டார்.

புதன்கிழமை காட்சியகம் அமளிப்பட்டது. பதினேழாம் நூற்றாண்டு மயில் வாகனம் காணாமல் போய்விட்டது. தகவல் தருமாறு கேட்டுப் பட்டணமெங்கும் அறிவிப்பு ஒட்டினார்கள். அறிவிப்பில் சரிபார்ப்பின்போது தர்மேந்திரன் எடுத்த படம் இருந்தது: முக்காலியில் வாய் பிளந்து தூங்கும் கணேஸ்வரன். தொழிற்சாலைக் கேண்டீனில் யாரோ அதைக் கொண்டுவந்து ஒட்டிவிட்டார்கள். சூப்பர்வைசர் கூப்பிட்டு, நீ எத்தனாம் நூற்றாண்டு என்று விசாரித்தார். கணேஸ்வரனுக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் படத்தில் தான் பரவாயில்லை என்றுதான் அவருக்குத் தோன்றியது.

வெள்ளிக்கிழமை மாலை ஆறு மணி. வெயில் சாய்ந்திருந்தது. பாலமுருகன் மயில்மேல் ஏறி உட்கார்ந்து கோயிலை விட்டுப் புறப்பட்டார். பால் சிந்தியது, சந்தனம் ஒட்டியது, குழந்தைகள் எட்டி எட்டித் தொட்டார்கள். முன்தண்டுக்குத் தோள் கொடுத்திருந்தார் கணேஸ்வரன். வியர்வையில் திருநீறு கரைந்து கண்ணில் இறங்கியது. இரண்டாவது முச்சந்தி திரும்பும்போது சாலை நடுவில் டாக்டர் புவனேந்திரன் நின்றார். கையில் ஒரு கட்டு அறிவிப்பு.

கணேஸ்வரன் நின்றுவிட்டார். தண்டைக் கீழே வைக்கவும் முடியாது, ஓடவும் முடியாது. டைரக்டர் நெருங்கி வந்து மயிலைத் தலைமுதல் வால்வரை பார்த்தார். கண்ணைப் பார்த்தார். கழுத்தில் ஒன்றுமில்லை என்பதையும் பார்த்தார்.

"நல்ல முயற்சி," என்றார் இரக்கத்தோடு. "ஆனால் இது நகல், நண்பரே. அனுபவம் உள்ள கண்ணுக்குத் தெரிந்துவிடும். அசல் எங்களிடம்தான் இருந்தது. என்ன ஒரு கம்பீரம், என்ன ஒரு உயிரோட்டம். நீங்கள் எங்கேயாவது பார்த்தால் சொல்லுங்கள்."

சொல்லிவிட்டு, ஓர் அறிவிப்பை உருவிக் கணேஸ்வரனின் முகத்துக்கு ஒரு முழத் தூரத்தில் பிடித்துக் காட்டினார். தண்டைச் சுமந்த மற்ற மூன்று பேரும் படத்தைப் பார்த்தார்கள், கணேஸ்வரனைப் பார்த்தார்கள், பிறகு வாயை இறுக மூடிக்கொண்டு வானத்தைப் பார்த்தார்கள். பின்னால் தட்டேந்தி வந்த மலர்க்கொடி முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டாள்.

கணேஸ்வரன் படத்தை நிதானமாகப் பார்த்தார். தோளில் தண்டை மாற்றிக்கொண்டார்.

"பாத்தா சொல்றேன் சார்," என்றார். "இப்பக் கொஞ்சம் வழி விடுங்க. முருகன் வர்றாரு."